ஊர் இழந்தவர்களின் பாட்டு: ஸெபாரதிய யூதரின் இசைமரபும் அதன் மீட்பும்

1492 ஜனவரி 2ஆம் திகதி கர்னாதா வீழ்ந்தது என்பது எம்மவர் பலரும் அறிந்த செய்தி. கடைசி நஸ்ரிய மன்னர் அபூ அப்துல்லாஹ் அல்ஹம்ராவின் திறப்புகளைக் கையளித்த காட்சி எமது மேடைகளிலும் கவிதைகளிலும் இன்றும் பேசப்படுகிறது. ஆயின் அதே அல்ஹம்ராவில், அதே ஆண்டு மார்ச் 31ஆம் திகதி, மன்னர் பேர்டினண்டும் அரசி இஸபெல்லாவும் ஒப்பமிட்ட இன்னொரு கட்டளையைப் பற்றி நாம் பேசுவது குறைவு. ஞானஸ்நானம் பெறாத யூதர் அனைவரும் ஜூலை முடிவதற்குள் ஸ்பெயினை விட்டு வெளியேற வேண்டும் என்பதே அக்கட்டளை. உடுதுணிகளையும் தட்டுமுட்டுச் சாமான்களையும் கொண்டு போகலாம். பொன், வெள்ளி, நாணயம் கொண்டு போகலாகாது. ஏறத்தாழ நூற்றிருபது ஆண்டுகளின் பின், 1609 முதல் 1614 வரை, பெயரளவில் கிறிஸ்தவராக்கப்பட்டிருந்த மொரிஸ்கோக்கள் என்னும் அந்தலூஸ் முஸ்லிம்களும் அதே கரைகளிலிருந்து கப்பலேற்றப்பட்டனர். அவர்களின் தொகை சுமார் மூன்று இலட்சம்.

யூதர் ஸ்பெயினை ஹீப்ருவில் 'ஸெபாராத்' என்றழைத்தனர். அதனால் அங்கிருந்து வெளியேறியோரும் அவர்தம் சந்ததியினரும் ஸெபாரதியர் எனப்படுகின்றனர். இக்கட்டுரை அவர்களது பாட்டைப் பற்றியது. யூதரின் பாட்டைப் பற்றி முஸ்லிம்கள் வாசிக்கும் சஞ்சிகை ஒன்றில், அதுவும் பலஸ்தீனத்தின் நிலை எம் நெஞ்சை அறுக்கும் காலத்தில், எழுத வேண்டுமா என்று வாசகர் சிலர் கேட்கலாம். கேள்வி நியாயமானதே. எனது பதில் இரண்டு. இப்பாட்டுகளில் பெரும்பகுதி நானூறு ஆண்டுகளுக்கு மேலாக முஸ்லிம்கள் ஆண்ட ஊர்களில், முஸ்லிம் அயலவரின் மெட்டுகளைக் கேட்டும் வாங்கியும் வளர்ந்தது. ஆகவே அது எமது வரலாற்றிலும் ஒரு பகுதி. மற்றையது, ஒரு சமூகம் தன் பாட்டை எவ்விதம் காத்தது, எவ்விதம் இழந்தது, எவ்விதம் மீட்க முயல்கிறது என்பதற்கு இத்துணை விரிவாகப் பதிவாகியுள்ள உதாரணம் வேறு கிடைப்பது அரிது. வரலாறு கற்பிக்கும் ஆசிரியன் என்ற வகையில் என்னை இவ்விடயத்தின்பால் ஈர்த்தது இந்த இரண்டாவது காரணமே.

வீட்டுக்குள் இருந்த பாட்டு

வெளியேறியவர்களில் ஒரு சாரார் போர்த்துக்கலுக்குச் சென்றனர். 1497இல் அங்கும் கட்டாய மதமாற்றம் அவர்களைத் தொடர்ந்தது. இன்னொரு சாரார் நீரிணையைக் கடந்து மொரோக்கோவின் தெத்துவான், தாஞ்சியர், பாஸ் ஆகிய நகரங்களில் குடியேறினர். பெருந்தொகையினருக்கு உஸ்மானிய சுல்தான் இரண்டாம் பாயஸீத் இடமளித்தார். இஸ்தான்புல், எடிர்னே, இஸ்மிர், ஸலோனிக்கா, ரோட்ஸ் தீவு என அவர்கள் பரந்தனர். பின்னர் ஸராஜேவோவிலும் குடியேறினர். ஸலோனிக்காவின் சனத்தொகையில் பாதிக்கு மேற்பட்டோர் 16ஆம் நூற்றாண்டின் முற்பகுதியிலேயே யூதர்களாக இருந்தனர். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் அந்நகரின் துறைமுகம் சனிக்கிழமைகளில் மூடப்பட்டிருந்தது.

அவர்கள் பேசியது பதினைந்தாம் நூற்றாண்டு ஸ்பானியம். காலப்போக்கில் ஹீப்ரு, துருக்கி, கிரேக்கச் சொற்கள் அதில் கலந்தன. கிழக்கே அது லடீனோ என்றும் ஜுடெஸ்மோ என்றும் பெயர் பெற்றது. மொரோக்கோவில் அரபு மிகக் கலந்து ஹக்கித்தியா ஆயிற்று. ஸ்பானியத்தை ஹீப்ரு எழுத்தில் எழுதியது இவர்களின் வழக்கம். அரபுத்தமிழ்க் கிதாபுகளைக் கண்ட எமக்கு இது புதுமையன்று. மொரிஸ்கோக்களும் அதே ஸ்பானியத்தை அரபு எழுத்தில் எழுதினர். அவ்வெழுத்து முறையைக் குறிக்கும் 'அல்ஜமியாதோ' என்ற ஸ்பானியச் சொல்லே 'அஜமிய்யா' என்ற அரபுச் சொல்லின் வழி வந்ததுதான்.

அவர்களது பாட்டுகளைப் பொதுவாக மூன்றாக வகுப்பர். முதலாவது ரொமான்ஸ். மன்னர், இளவரசி, போருக்குப் போய்த் திரும்பாத கணவன் ஆகியோரைப் பற்றிய நீண்ட கதைப்பாட்டு இது. இரண்டாவது கோப்லா. சமய நாட்களையும் ஊர்ச் செய்திகளையும் அறிவுரைகளையும் சொல்வது. மூன்றாவது காந்திகா. காதலும் கலியாணமும் அதன் பொருள். தொழுகைக்குரிய ஹீப்ருப் பாக்களை ஆண்கள் பள்ளியில் பாடினர். ரொமான்ஸும் காந்திகாவும் பெண்களின் சொத்து. தொட்டிலருகே, அடுப்படியில், பிள்ளை பெற்ற வீட்டில், மணப்பெண்ணை நீராட்டும் நாளில் அவர்களே பாடினர். கையில் றபானை ஒத்த பந்தேரோ என்னும் வாத்தியம் இருக்கும். மொரோக்கோவில் ஊஞ்சலில் ஆடியபடி பெண்பிள்ளைகள் கதைப்பாட்டுகளைப் பாடுவதும் வழக்கம். எமது ஊர்களின் பெருநாள் ஊஞ்சலை அறிந்தவர்கள் அக்காட்சியை இலகுவில் கற்பனை செய்துகொள்வர்.

ஒவ்வொரு பாட்டுக்கும் ஒரு வேளை இருந்தது என்பதை இங்கு அழுத்திக் கூற விரும்புகிறேன். ஒப்பாரி வகையைச் சேர்ந்த எந்தெச்சா என்னும் பாட்டுகளை மொரோக்கோப் பெண்கள் சாவு வீட்டிலும், பைத்துல் மக்திஸிலிருந்த தம் ஆலயம் அழிந்த துக்க நாளிலும் மாத்திரமே பாடுவர். வேறு நேரத்தில் பாடினால் வீட்டுக்கு ஆகாது என்பது நம்பிக்கை. பாட்டைச் சேகரிக்க வந்த ஆய்வாளர்கள் கேட்டபோது பலர் பாட மறுத்தனர். வேளை இல்லாமல் பாட்டு இல்லை என்பதே அம்மறுப்பின் பொருள்.

எமக்கு மிகவும் பழக்கமான கதை ஒன்றும் இவர்களிடம் பாட்டாக உண்டு. நம்ரூத் மன்னன் நட்சத்திரத்தைக் கண்டு அஞ்சியதும், பிறக்கும் ஆண் குழந்தைகளைக் கொல்ல ஏவியதும், இப்ராஹீம் நபியைத் தாய் குகையில் ஈன்றதும் எமது மூத்தோர் சொல்லக் கேட்டவைதாம். 'நம்ரூத் மன்னனின் காலத்தில்' என்ற பொருளில் தொடங்கும் ஸெபாரதியப் பாட்டு இதே கதையைச் சொல்கிறது. உலகெங்கும் மிகப் பரவலாக அறியப்பட்ட ஸெபாரதியப் பாட்டுகளுள் அதுவும் ஒன்று.

இன்னொரு பாட்டு என்னை அதிகம் சிந்திக்க வைத்தது. பேர்டினண்ட், இஸபெல்லா ஆகியோரின் ஒரே மகன் இளவரசர் ஹுவான் 1497இல் இளவயதில் இறந்தார். அவரது மரணத்தைப் பற்றிய கதைப்பாட்டு ஸ்பெயினில் எழுந்தது. அது ஸெபாரதியரிடமும் வழங்கியது. தம்மைத் துரத்திய அரசரின் பிள்ளைக்காகத் துரத்தப்பட்டவர்களின் பெண்கள் பாடினார்கள். இதில் வரலாற்றுச் செய்தி ஒன்றும் உண்டு. 1497இல் நடந்த சம்பவம் 1492இல் வெளியேறியோரின் பாட்டில் இருக்கிறதென்றால், வெளியேற்றத்தின் பின்னரும் ஸ்பெயினுடன் போக்குவரத்தும் பாட்டுப் பரிமாற்றமும் நிகழ்ந்திருக்க வேண்டும். ஸெபாரதியப் பாட்டு 1492இல் அப்படியே உறைந்து நின்ற ஒன்று என்ற எண்ணம் தவறென்பதற்கு இப்பாட்டு ஒரு சாட்சி.

அயலவர் தந்த மெட்டு

பாட்டின் சொல் ஸ்பெயினிலிருந்து வந்தது. மெட்டின் கதையோ வேறு. உஸ்மானிய ஊர்களில் வாழ்ந்தவர்கள் துருக்கிய மக்காம்களைக் கேட்டு வளர்ந்தார்கள். அரபியில் மகாம் என நாம் வழங்கும் இராக முறையே அது. பிள்ளைகளின் காதில் பாங்கொலியும் சந்தைப் பாட்டும் கோப்பிக் கடை இசையும் விழுந்தன. நாளடைவில் பழைய ஸ்பானியக் கதைப்பாட்டு ஹிஜாஸ் மக்காமில் ஒலித்தது.

இதனை நன்கறிந்து, நெறிப்படுத்திப் பயன்படுத்தியவர் இஸ்ராயேல் நஜாரா என்ற கவிஞர். ஏறத்தாழ 1555இல் டமஸ்கஸில் பிறந்தவர். துருக்கி, அரபு, ஸ்பானிய, கிரேக்கப் பாட்டுகளின் மெட்டுகளுக்கு ஹீப்ருவில் பக்திப் பாக்களை எழுதினார். மூலப் பாட்டின் முதற்சொல்லின் ஓசையை ஹீப்ருச் சொல்லிலும் வரச் செய்வது அவரது திறமை. 1587இல் ஸபத் நகரில் அச்சான அவரது நூலில் ஒவ்வொரு பாவின் மேலும் அது எந்தப் பாட்டின் மெட்டில் பாடப்பட வேண்டும் என்ற குறிப்பு உண்டு. மெட்டுக்குப் பாட்டெழுதும் எமது புலவர்களின் வழக்கம் போன்றதே இது. இந்தச் சிறு குறிப்புகளால் ஒரு பெரும் நன்மை விளைந்தது. அக்காலத்தில் யூத வீடுகளில் என்னென்ன ஸ்பானியப் பாட்டுகள் வழங்கின என்பதைப் பிற்கால ஆய்வாளர்கள் இத்தகைய ஹீப்ரு நூல்களின் தலைக்குறிப்புகளிலிருந்தே அறிந்தனர். நஜாரா தமது கடைசிக் காலத்தில் காஸா நகரின் மார்க்க அறிஞராக இருந்தார். அங்கேயே ஏறத்தாழ 1625இல் காலமானார். இன்று அந்த ஊரின் பெயரைக் கேட்கும்போது எம் மனதில் எழும் காட்சிகளை நினைக்க, இத்தகவலை எழுதும் கை சற்றுத் தயங்கவே செய்கிறது.

எடிர்னே நகரில் 'மப்திரிம்' என்றொரு பாடகர் குழு இருந்தது. சனிக்கிழமைக் காலையில் யூதப் பள்ளியில் ஹீப்ருப் பாக்களை உஸ்மானிய மக்காம் முறைப்படி, வாத்தியமின்றிப் பாடுவது அவர்களின் பணி. மௌலானா ரூமியின் வழிவந்த மௌலவிய்யா தரீக்காவின் தர்வேஷ்கள் அதைக் கேட்கப் போவதும், யூதப் பாடகர்கள் தர்வேஷ்களின் தக்கியாவுக்கு இசை கேட்கச் செல்வதும் வழக்கமாக இருந்தன எனப் பேசப்படுகிறது. தர்பாரிலும் இதே நிலை. தன்பூரி இஸ்ஹாக் எனப் புகழ்பெற்ற யூதக் கலைஞர் 1745 முதல் 1814 வரை வாழ்ந்தவர். தன்பூர் வாத்தியத்தில் சுல்தான் மூன்றாம் ஸலீமின் உஸ்தாத் இவரே. ஸலீம் தாமும் சிறந்த இசை ஆக்குநர். உஸ்தாதுக்குரிய மரியாதையைக் கொடுப்பதற்குச் சுல்தானுக்கு மதம் தடையாக இருக்கவில்லை.

மொரோக்கோவில் அந்தலூஸின் நௌபா இசை முஸ்லிம், யூதர் ஆகிய இரு சாராருக்கும் பொதுவானது. ஒருவர் அரபுச் சொல்லில் பாடியதை மற்றவர் ஹீப்ருச் சொல்லில் பாடினார். மாரிகாலச் சனிக்கிழமைகளில் விடியுமுன் எழுந்து இம்மெட்டுகளில் இறைஞ்சிப் பாடுவது அங்குள்ள யூதரின் வழக்கம். அதற்குரிய 'ஷீர் யெதிதோத்' என்ற பாத்தொகுப்பு 1921இல் மராக்கிஷில் அச்சிடப்பட்டது.

பாடசாலையும் பேரழிவும்

நானூறு ஆண்டுகள் தாங்கிய இம்மரபு ஏறத்தாழ நூறு ஆண்டுக்குள் தளர்ந்தது. காரணங்களுள் ஒன்று எனது தொழிலோடு தொடர்புடையது என்பதால் அதனைச் சற்று விரித்துரைக்கிறேன்.

1860இல் பாரிஸில் 'அலியான்ஸ்' என்ற யூதக் கல்வி அமைப்பு உருவானது. 1862இல் தெத்துவானில் தனது முதற் பாடசாலையைத் திறந்தது. தொடர்ந்து உஸ்மானிய நகரங்கள் பலவற்றிலும் அதன் பாடசாலைகள் எழுந்தன. பெண்பிள்ளைகளுக்கும் கல்வி கிடைத்தது. வறிய வீட்டுப் பிள்ளைகள் தொழில் கற்றனர். இந்நன்மைகளை மறுக்க முடியாது. ஆனால் அங்கு போதனாமொழி பிரெஞ்சு. பிள்ளைகள் வீட்டில் பேசிய யூத-ஸ்பானியத்தை ஆசிரியர் பலர் இலக்கணமற்ற கலப்புப் பேச்சென்று இகழ்ந்தனர். அந்தப் பாடசாலையில் படித்த பெண் தாயானபோது, தன் பிள்ளைக்குப் பிரெஞ்சு கற்பிக்க விரும்பினாள். கிழவி பாடும் பாட்டு நாகரிகமற்றதாகத் தோன்றியது. பாட்டைத் தடை செய்ய யாரும் சட்டம் இயற்றவில்லை. பிள்ளைக்கு அதன்மேல் வெட்கம் வந்தாலே போதுமாயிருந்தது. கலாசாலையில் பயின்ற நாட்களில் தாய்மொழியும் கற்றலும் பற்றிப் பல விரிவுரைகள் கேட்டோம். அவ்விரிவுரைகள் அனைத்துக்கும் ஓர் உதாரணம் கேட்டால், நான் இந்த அலியான்ஸ் பாடசாலைகளையே காட்டுவேன்.

துருக்கிக் குடியரசு நிறுவப்பட்ட பின், 1928இல் 'பிரசையே, துருக்கி பேசு' என்ற இயக்கம் எழுந்தது. சிறுபான்மையினர் பொதுவிடத்தில் தம்மொழி பேசத் தயங்கினர். 1948இல் இஸ்ரேல் உருவானபோது ஏறக்குறைய ஏழு இலட்சம் பலஸ்தீனியர் தம் ஊர்களை இழந்தனர். அந்நாட்டுக்குச் சென்ற ஸெபாரதியரின் மொழியும் அங்கு ஹீப்ருவின் முன் ஒதுங்கிப் போயிற்று.

இவற்றுக்கிடையே நிகழ்ந்த பேரழிவு வேறு வகையானது. 1943 மார்ச் மாதம் ஸலோனிக்காவிலிருந்து அவுஷ்விட்ஸ் கொலை முகாமுக்கு முதல் ரயில் புறப்பட்டது. அவ்வாண்டு ஓகஸ்ட் மாதத்துக்குள் ஐம்பதாயிரம் பேரளவில் நாஸிகளால் கொண்டு செல்லப்பட்டனர். மீண்டோர் இரண்டாயிரத்துக்கும் குறைவு. 1944 ஜூலையில் ரோட்ஸ் தீவின் முறை வந்தது. கதைப்பாட்டுகளை முழுமையாக அறிந்தவர்கள் வயதான பெண்கள். முகாமின் வாசலிலேயே கொலைக்கு அனுப்பப்பட்டவர்களும் பெரும்பாலும் அவர்களே. ஒரு கிழவியோடு எத்தனை பாட்டுகள் போயின என்று எந்தப் பதிவேட்டிலும் இல்லை.

எழுதியவர்களும் பதிந்தவர்களும்

ஆனாலும் சில காரியங்கள் முன்னரே நடந்திருந்தன. ஸ்பானிய மொழியறிஞர் ரமோன் மெனெந்தெஸ் பிதால் 1906-1907இல் யூதக் கதைப்பாட்டுகளின் விபரப் பட்டியலை வெளியிட்டார். ஸ்பெயினில் மறைந்துபோன பாட்டுகள் சில வெளியேற்றப்பட்டோர் வாயில் உயிரோடிருப்பது அவருக்கு வியப்பளித்தது. அவரது தூண்டுதலால், படை அதிகாரியும் இசைஞருமான மனுவேல் மன்ரீக்கே தெ லாரா 1911இல் பால்கன் நாடுகளிலும் துருக்கியிலும், 1915-1916இல் மொரோக்கோவிலும் அலைந்து பாட்டுகளைக் கேட்டு எழுதினார். மெட்டுகளையும் இசைக்குறியில் பதிவு செய்தார். அவ்வாண்டுகளில் அவர் தாண்டிய வீட்டு வாசல்களில் பல 1945இல் இருக்கவில்லை.

வெளியாரோடு உள்ளூரவரும் உழைத்தனர். ஸராஜேவோவில் 1891இல் பிறந்த லௌரா பாப்போ, 'போஹொரெத்தா' என்ற புனைபெயரில் எழுதியவர். மூத்த மகள் என்பது அதன் பொருள். தன் ஊர்ப் பெண்களின் பாட்டுகளையும் பழமொழிகளையும் வழக்காறுகளையும் தொகுத்தார். அவர்கள் மொழியிலேயே நாடகங்களும் எழுதினார். இரண்டு பிள்ளைகளும் யஸெனோவாச் கொலை முகாமுக்குக் கொண்டு செல்லப்பட்டனர். 1942இல் அவரும் காலமானார். அவரது கையெழுத்துப் பிரதிகள் ஸராஜேவோ வரலாற்று ஆவணக் காப்பகத்தில் உள்ளன. வீட்டுப் பெண் ஒருத்தி தன் வீட்டுப் பாட்டைத் தானே எழுதியமை அரிது. ஆதலால் இத்தொகுப்பாளர்களில் அவரையே நான் முதலில் வைப்பேன்.

1898இல் இஸ்மிருக்கு அண்மையிலுள்ள துர்குத்லுவில் பிறந்த அல்பேர்த்தோ ஹெம்ஸி, மிலானில் மேற்கத்திய இசை பயின்றவர். ஊர் திரும்பியதும் பாட்டியின் பாட்டே அவரை இப்பணியில் இறக்கியது. 1920 முதல் இஸ்மிர், ரோட்ஸ், ஸலோனிக்கா என்று தேடித் தொகுத்தார். பின்னர் அலெக்ஸாந்திரியாவில் வாழ்ந்து, பியானோ இசையோடு அவற்றை வெளியிட்டார். 1957இல் எகிப்தை விட்டுப் பாரிஸ் சென்ற அவர் 1975இல் மறைந்தார்.

துருக்கியின் மனிஸாவில் 1919இல் பிறந்த இஸ்ஹாக் லெவி, எருசலேம் வானொலியில் லடீனோ ஒலிபரப்புக்குப் பொறுப்பாக இருந்தவர். 1959 முதல் 1973 வரை நான்கு தொகுதிகளாக வீட்டுப் பாட்டுகளையும், பத்துத் தொகுதிகளாக வழிபாட்டுப் பாக்களையும் வெளியிட்டார். மெட்டுகளின் நுண்ணிய நெளிவுகளை அவர் எளிமைப்படுத்திவிட்டார் என ஆய்வாளர் குறை கூறினர். அதில் உண்மை உண்டு. ஆயினும் இன்று மேடையில் இப்பாட்டுகளைப் பாடுவோர் பலர் முதலில் திறந்த நூல் அவருடையதே. ஐக்கிய அமெரிக்காவில் ஸாமுவேல் ஆர்மிஸ்டெட், ஜோசப் ஸில்வர்மன், இஸ்ராயேல் காட்ஸ் ஆகிய மூவர் 1950களின் பிற்பகுதி முதல் பல்லாண்டுகள் குடியேறிய முதியோரைத் தேடிச் சென்று ஒலிப்பதிவு செய்தனர்.

இசைத்தட்டுகளின் கதையும் உண்டு. எடிர்னேயைச் சேர்ந்த ஹயீம் எபெந்தி 1907 முதல் துருக்கி, லடீனோ, ஹீப்ரு ஆகிய மூன்று மொழிகளிலும் பாடி இசைத்தட்டுகள் வெளியிட்டார். சிதறிக் கிடந்த அப்பதிவுகளைத் தேடியெடுத்து 2008இல் எருசலேமின் யூத இசை ஆய்வு மையம் இறுவட்டுகளாக வெளியிட்டது. இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் இப்பாட்டு எப்படி ஒலித்தது என்ற கேள்விக்கு அவை நேரடியான விடை. அங்கு கேட்பது முழுக்க முழுக்க ஓர் உஸ்மானியப் பாடகரின் குரல்.

மேடைக்கு வந்தபின்

1970களில் ஐரோப்பாவில் பழைய இசையை மீட்கும் ஆர்வம் பெருகியது. கற்றலோனிய இசைஞர் ஜோர்டி ஸவாலும் பாடகி மொன்ஸெராத் பிகேராஸும் ஸெபாரதியப் பாட்டுகளை மத்தியகால வாத்தியங்களோடு இசைத்து உலகறியச் செய்தனர். அவர்களின் கலைத்திறன் பெரிது. ஆயினும் இதனால் ஒரு பிழையான எண்ணமும் பரவியது. இப்பாட்டுகள் அனைத்தும் 1492க்கு முந்திய ஸ்பெயினின் எச்சங்கள் எனப் பலர் நம்பத் தொடங்கினர். மத்தியகால உடை, மத்தியகால வாத்தியம், மூன்று மதங்களின் பொற்காலம் என்ற விளம்பரம் ஆகியன தொடர்ந்தன. சொற்களிற் சில அத்துணைப் பழமை வாய்ந்தவையே. மெட்டுகளில் பலவோ 19ஆம், 20ஆம் நூற்றாண்டுக்குரியவை. பிரியாவிடைப் பாட்டான 'அதியோ கெரிதா'வின் மெட்டு, 1853இல் மேடையேறிய வெர்டியின் 'லா த்ராவியாத்தா' இசை நாடகத்திலுள்ள ஒரு பாட்டை ஒத்திருக்கிறது. கனடிய ஆய்வாளரும் பாடகியுமான ஜூடித் கோஹன் இப்பிழையை நெடுங்காலமாகச் சுட்டிக்காட்டி வருகிறார்.

இவ்விடத்தில் எனது கருத்தைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். துருக்கிய மக்காமையும் கிரேக்க நடனத்தாளத்தையும் இத்தாலிய மேடை மெட்டையும் கழித்துவிட்டுத் 'தூய' ஸ்பானியப் பாட்டைத் தேடுபவர்கள், அப்பெண்கள் நானூறு ஆண்டுகள் செய்த வேலையைக் கழிக்கிறார்கள். அயலவரின் மெட்டை ஏற்றுக்கொண்டதால்தான் பாட்டு பாடப்பட்டது. பாடப்பட்டதால்தான் சொல்லும் எஞ்சியது. உஸ்மானிய முஸ்லிம்களின் பங்கு அந்த மேடைகளிலிருந்து மறைவதும் இதே கழித்தலின் விளைவு.

இதற்கு மறுபக்கமாக நிற்பவர் ப்ளோரி ஜகோதா. 1923இல் ஸராஜேவோவில் பிறந்து, வ்லஸெனிட்ஸா என்ற பொஸ்னிய ஊரில் பாட்டியின் பாட்டைக் கேட்டு வளர்ந்தவர். 1941இல் போலிப் பெயரில் ரயிலேறித் தப்பியபோது கையில் ஓர் அக்கோர்டியன் இருந்தது. வழிநெடுக அதை வாசித்துப் பாடினார். பரிசோதகரும் சேர்ந்து பாடினார், பயணச்சீட்டைக் கேட்கவில்லை என அவரே பின்னர் சொல்லியிருக்கிறார். ஊரில் எஞ்சியிருந்த உறவினர் நாற்பதுக்கு மேற்பட்டோர் கொல்லப்பட்டனர். போரின் பின் அமெரிக்கா சென்ற அவர் நெடுங்காலம் இப்பாட்டுகளைப் பகிரங்கமாகப் பாடவில்லை. பின்னர் பாடினார், கற்பித்தார், புதிதாகவும் இயற்றினார். 1983இல் அவர் இயற்றிய 'எட்டு மெழுகுதிரிகள்' என்ற பாட்டை இன்று உலகெங்கும் யூதப் பிள்ளைகள் தம் விளக்குப் பெருநாளில் பாடுகின்றனர். அது பல நூற்றாண்டுப் பழமை வாய்ந்த நாட்டார் பாட்டென்றே பலர் எண்ணுகின்றனர். 2002இல் ஐக்கிய அமெரிக்காவின் தேசிய மரபுக்கலை விருது அவருக்குக் கிடைத்தது. 2021 ஜனவரியில் காலமானார். அவர் செய்ததை மீட்பு என்பதா, புதுப்படைப்பு என்பதா? பாட்டியின் மொழியில், பாட்டியின் முறையில், வீட்டில் ஒரு வேளைக்குரிய பாட்டைப் பிள்ளைகளுக்குக் கொடுத்தார். மரபு என்பது எக்காலத்திலும் அப்படித்தான் வளர்ந்திருக்கிறது.

இஸ்தான்புல்லில் 1978இல் 'லோஸ் பஷாரோஸ் ஸெபாரதிஸ்', அதாவது ஸெபாரதியப் பறவைகள், என்ற குழு தோன்றியது. தம் வீட்டு முதியோரிடமே பாட்டைக் கேட்டு, துருக்கிய இசை முறையோடு பாடியது இக்குழுவின் சிறப்பு. அதன் பாடகி கரென் ஷர்ஹோன் பின்னர் அந்நகரில் ஸெபாரதியப் பண்பாட்டு ஆய்வு மையத்தை வழிநடத்தினார். 2005 முதல் வெளிவரும் 'எல் அமானெஸெர்' என்ற லடீனோ மாத இதழின் ஆசிரியராகவும் உழைத்தார். அதே நகரில் 2000களில் ஒரு சிறுவர் பாடகர் குழுவும் தொடங்கப்பட்டது. வீட்டில் துருக்கி பேசும் பிள்ளைகள் அங்கு லடீனோவில் பாடக் கற்றனர். இஸ்ஹாக் லெவியின் மகள் யஸ்மின் லெவி தந்தையின் தொகுப்பிலுள்ள பாட்டுகளை ஸ்பெயினின் ப்ளமெங்கோ இசையோடு கலந்து பாடுகிறார். தூய்மை தேடுவோர் முகம் சுளிக்கின்றனர். இளையோர் கேட்கின்றனர்.

அரசாங்கங்களும் இதில் இறங்கியுள்ளன. மொரோக்கோவின் 2011ஆம் ஆண்டு அரசியலமைப்பு, நாட்டின் பண்பாட்டு ஊற்றுகளில் ஒன்றாக ஹீப்ரு மரபையும் குறிப்பிடுகிறது. அங்கு ஸுவைரா நகரில் 2003 முதல் அந்தலூஸ் இசைவிழா நடைபெற்று வருகிறது. முஸ்லிம் பாடகரும் யூதப் பாடகரும் ஒரே மேடையில் அரபும் ஹீப்ருவும் மாறி மாறிப் பாடுகின்றனர். ஸ்பெயின் 2015இல் சட்டமொன்றை இயற்றி, வெளியேற்றப்பட்ட யூதரின் சந்ததியினருக்குப் பிரசாவுரிமை கோரும் வாய்ப்பை அளித்தது. 2019இல் விண்ணப்பம் முடிவடைந்தபோது ஒரு இலட்சத்து முப்பதாயிரத்துக்கு மேற்பட்டோர் விண்ணப்பித்திருந்தனர். மொரிஸ்கோக்களின் சந்ததியினருக்கு அத்தகைய சட்டம் எதுவும் இயற்றப்படவில்லை. அதே மண்ணிலிருந்து துரத்தப்பட்ட இரு சமூகங்களில் ஒன்றை நினைவுகூர்ந்து மற்றையதை மறப்பது அரைகுறை நீதி. இதைச் சொல்வதால் யூதருக்குக் கிடைத்த நீதி குறைந்துவிடாது.

எடிர்னேயின் பெரிய யூதப் பள்ளி 1909இல் திறக்கப்பட்டது. 1997இல் கூரை இடிந்து வீழ்ந்தது. துருக்கி அரசு அதை முழுமையாகப் புதுப்பித்து 2015இல் மீண்டும் திறந்தது. சுவரும் குவிமாடமும் பழைய அழகோடு எழுந்துள்ளன. ஆயின் அந்நகரில் தொழுகைக்குக் கூட யூதர் இல்லை. அங்குள்ள மப்திரிம் குழுவில் சிறுவனாகச் சேர்ந்து பாடிய ஸாமுவேல் பெனரோயா 1908இல் பிறந்தவர். பிற்காலத்தில் அமெரிக்காவின் ஸியாட்டில் நகரில் வாழ்ந்து, முதுமையில் தன் நினைவிலிருந்த பாக்களை ஒலிப்பதிவுக்குப் பாடிக் கொடுத்து, 2003இல் மறைந்தார். பாடியவர் ஒரு கண்டத்தில், பாடிய இடம் இன்னொரு கண்டத்தில். 2009இல் இஸ்தான்புல் ஆய்வு மையம் மப்திரிம் பாக்களை நூலாகவும் இறுவட்டுகளாகவும் வெளியிட்டது.

யுனெஸ்கோ லடீனோவைக் கடுமையான ஆபத்துக்குள்ளான மொழிகளின் வரிசையில் வைத்துள்ளது. அதைத் தாய்மொழியாகப் பேசி வளர்ந்தோரில் பெரும்பாலானோர் முதியோர். காப்பகங்களில் ஆயிரக்கணக்கான பாட்டுகள் பத்திரமாக உள்ளன. மன்ரீக்கேயும் போஹொரெத்தாவும் ஹெம்ஸியும் இல்லையெனில் இன்று பேசுவதற்கே எதுவும் இருந்திராது. ஆயினும் காப்பகம் தனித்து நின்று பாட்டைப் பிள்ளையிடம் சேர்க்காது. பிள்ளைக்கு வெட்கம் வராத ஒரு பாடசாலை வேண்டும். பாட்டைப் பாடுவதற்குரிய வேளை வீட்டில் மீண்டும் வேண்டும். புதுப்பாட்டைக் கட்டத் துணிபவரை மரபைக் கெடுத்தவர் என்று ஏசாத பெரியோரும் வேண்டும். இஸ்தான்புல் சிறுவர் குழுவில் பாடக் கற்ற பிள்ளைகள் இன்று வளர்ந்தவர்கள். அவர்களுள் யாரேனும் தம் பிள்ளையைத் தூங்க வைக்கும்போது எந்த மொழியில் பாடுகிறார்கள் என்பதைப் பொறுத்தே இம்மரபின் அடுத்த ஐம்பது ஆண்டுகள் அமையும்.